பீரங்கி மலையில் ஐந்து வியாழன்

கோலா சிலாங்கூரில் பஸ்ஸை விட்டு இறங்குகிறவர்கள் ஏதாவது ஒரு காரியமாகத்தான் இறங்குவார்கள். பசாரில் மீன் வாங்க, ஆபீசில் அடையாளக் கார்டு மாற்ற, ஆஸ்பத்திரியில் ஊசி போட்டுக்கொள்ள. புஷ்பவள்ளி மட்டும் இறங்கி, ஆஸ்பத்திரியில் தலையைக் காட்டிவிட்டு, மலைமேல் பூங்காவுக்குப் போய்ப் பெஞ்சில் உட்கார்ந்திருந்துவிட்டு, நாலு மணி பஸ்ஸில் திரும்பிப் போனாள். ஒரு வியாழன் இல்லை, நாலு வியாழன் இப்படியே போயிற்று.

மலை என்று பேர்தான். பிள்ளைத்தாய்ச்சிகூட இரண்டு இடத்தில் நின்று மூச்சு வாங்கினால் ஏறிவிடலாம். உச்சியில் வெள்ளை அடித்த கலங்கரை விளக்கு, புல்தரை, தூங்குமூஞ்சி மரங்கள், கடலைப் பார்த்தபடி பழைய ராஜா காலத்துப் பீரங்கிகள். அதனால் தமிழ் ஆட்களுக்கு அது பீரங்கி மலை. பீரங்கிகளின் மேல் சாம்பல் நிறக் குரங்குகள் உட்கார்ந்து ஒன்றுக்கொன்று பேன் பார்த்துக்கொண்டிருக்கும். ஊரெல்லாம் ஊரடங்கு, கம்பிவேலி, துப்பாக்கி என்று கிடந்த ஐம்பத்திரண்டாம் வருஷத்தில், யாரும் யாரையும் கார்டு கேட்காத இடம் அந்தப் பூங்கா ஒன்றுதான். குரங்குகளிடம் கேட்க முடியாது, மனிதர்களிடம் கேட்க அங்கே ஆளில்லை.

அவள் உட்காரும் பெஞ்சிலிருந்து பார்த்தால் ஒரு பக்கம் ஆற்று முகத்துவாரம் தெரியும். இன்னொரு பக்கம் அடிவாரத்தில் மணல்மூட்டை அடுக்கிய காவல் நிலையத்தின் தகரக் கூரை தெரியும். அந்தக் கூரைக்குக் கீழே அவள் புருஷன் செல்லன் இருந்தான். அவனை அங்கே கொண்டு போய் வைத்தது தான்தான் என்பது அவளுக்குத் தெரியும். அதை உள்ளே போய்ச் சொல்லிவிட வேண்டும் என்றுதான் ஒவ்வொரு வியாழனும் வந்தாள். காலோ, அடிவாரத்தில் வலதுபக்கம் திரும்பாமல் தன் பாட்டுக்கு மேலே ஏறிவிடும்.

நடந்தது இதுதான். பத்தாங் பெர்ஜுந்தை போகிற சடக்கில் உள்ளே தள்ளி இருக்கிறது பள்ளத்தோட்டம். வெள்ளைக்காரத் துரை பேப்பரில் வேறு பேர் வைத்திருந்தான், அது அவனுக்கும் கணக்கெழுதும் கிராணிக்கும்தான் தெரியும். தோட்டத்தின் கடைசியில், ரப்பர்ப் பால்மரம் முடிந்து காடு தொடங்குகிற இடத்தில், ஒரு பெரிய மரத்தடியில் முனி இருந்தார். வருஷா வருஷம் கிடா வெட்டு நடக்கும். அவசரகாலம் வந்தது. வேலைக்காரர்கள் குடியிருந்த லயங்களைச் சேர்த்துக் கட்டி, சுற்றிக் கம்பிவேலி போட்டு, வாசலில் காவல் வைத்தார்கள். வெள்ளைக்காரனோடு சண்டை போட்டுக் காட்டுக்குள் ஒளிந்திருந்த காட்டுக்காரர்களுக்குச் சோறு போய்விடக் கூடாது என்று, காலையில் வேலைக்குப் போகும்போது ஒரு கவளம்கூட வெளியே கொண்டு போகக் கூடாது என்றார்கள். கிடா வெட்டும் நின்றது. பொங்கலும் நின்றது. முனிக்கு அவசரகாலச் சட்டம் தெரியுமா? அவர் பாட்டுக்குப் பசியோடு உட்கார்ந்திருந்தார்.

புஷ்பவள்ளிக்குக் கல்யாணமாகி ஆறு வருஷம். இரண்டு தடவை தங்கி, இரண்டு தடவையும் மூணாம் மாசத்தில் போய்விட்டது. இந்தத் தடவை நாள் தள்ளிப் போனதுமே முனிக்கு வேண்டிக்கொண்டாள். மூணு மாசம் தாண்டட்டும், உனக்குப் படையல் போடுகிறேன். தாண்டுகிறவரை புருஷனிடம்கூட வாயைத் திறக்கக் கூடாது என்பது லயத்துப் பொம்பளைகளின் வழக்கம். அவளும் திறக்கவில்லை. மாசம் தாண்டியது. ஒரு வெள்ளிக்கிழமை விடியுமுன் இரண்டு கை சோறும், ஒரு அவித்த முட்டையும், வறுத்த கருவாடும், ஒரு சுருட்டும் இலையில் கட்டி, பால் வாளியின் அடியில் வைத்து, மேலே கந்தல் துணியைப் போட்டு மூடி வாசலைத் தாண்டிவிட்டாள். காவல்காரன் அவள் கையிலிருந்த கூடையைக் கிளறினானே ஒழிய வாளியைக் குனிந்து பார்க்கவில்லை.

ஒன்பது மணிக்குப் பட்டாளத்துக்காரர்கள் அந்த வழியாக வந்தார்கள். இலை, சோறு, முட்டை, புகைக்கச் சுருட்டு, அதுவும் காட்டோரத்தில். அவர்களுக்கு முனியைத் தெரியுமா என்ன. அந்த மரங்கள் செல்லன் பால் வெட்டும் நெரை. எல்லோரையும் காலையில் பேர் கூப்பிடும் பெரட்டுக் களத்தில் வெயிலில் நிறுத்தி யார் வைத்தது என்று கேட்டார்கள். புஷ்பவள்ளி வாயைத் திறக்குமுன் செல்லன் ஓரடி முன்னால் வந்து, "நான்தான்" என்றான். அவள் பக்கம் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. லோரியில் ஏற்றிக்கொண்டு போய்விட்டார்கள். பிள்ளையார் பிடிக்கக் குரங்கான கதை.

வேலையை மேற்பார்க்கும் வீரன் மண்டோர் அன்று சாயங்காலம் லயத்துக்கு வந்து வாசலில் நின்றபடியே சொன்னார்.

"இந்தா புள்ள, நல்லா காதுல வாங்கிக்க. அங்கே போயி நான்தான் வச்சேன், சாமிக்குத்தான் வச்சேன்னு ஒப்பாரி வச்சே, உன்னையும் அள்ளி உள்ளே போட்டுருவான். அவன் ஒருத்தன் போனதோட போவட்டும். கம்முனு கெட."

"அவரு பாவம் மண்டோரே."

"பாவந்தான். யாரு இல்லேங்கறா. மாசமா இருக்கியாமே, பக்கத்து வீட்டுக்காரி சொன்னா. ஆஸ்பத்திரிக்குன்னு வாரம் ஒரு நாளு வெளிய போகச் சீட்டு வாங்கித் தர்றேன். அந்தச் சீட்டை வச்சுக்கிட்டு வேற எங்கயும் போயி நின்னுறாதே."

அவர் கெட்டவர் இல்லை. பயந்தவர். அந்தக் காலத்தில் இரண்டுக்கும் பெரிய வித்தியாசம் தெரியாமல் போயிற்று.

முதல் வியாழன் பதினோரு மணிக்கு, தோளில் சுமந்த காண்டாக் கம்பின் ஒரு பக்கம் கோப்பிப் பானையும் மறுபக்கம் வடைத் தட்டுமாக ஒரு ஆள் மேலே ஏறி வந்தார். தலையில் வெள்ளைத் தொப்பி, கட்டம் போட்ட சாரம். பாவா என்று பேர். சுமையை இறக்கிவைத்துவிட்டு அவளைப் பார்த்தார்.

"யாரை எதிர்பார்த்து உக்காந்திருக்கீங்க தங்கச்சி?"

"யாரையும் இல்ல நானா. பஸ்ஸுக்கு."

"பஸ்ஸு மலைமேல வராதேலா."

அவள் கடல் பக்கம் திரும்பிக்கொண்டாள். அவரும் அதற்குமேல் துருவவில்லை. ஒரு வடையை இலையில் வைத்து நீட்டினார்.

"வேணாம் நானா."

"தோட்டத்து ஆளுதானே நீங்க? உங்களைச் சோறு கட்டிக்கிட்டு வெளிய வர விடமாட்டாங்கன்னு எனக்குத் தெரியும். காலையில தின்னது இந்நேரம் எங்கே இருக்கப் போவுது. சாப்பிடுங்க. மிச்சமானா குரங்குக்குத்தான் போடப் போறேன்."

குரங்குக்குப் போவது தனக்கு வந்தால் தப்பில்லை என்று தோன்றியதோ என்னவோ, வாங்கித் தின்றாள். உளுந்து வடை, உள்ளே மிளகு. ஆறு நாளாகச் சோறு இறங்காத தொண்டையில் அது இறங்கியது. அவளுக்கு அதுவே குற்றம் செய்தது மாதிரி இருந்தது.

பாவாவுக்குப் பேச ஆள் கிடைத்தால் போதும். தொண்டிக்காரர். சண்டைக்கு முன்னால் கப்பலேறி வந்தவர், ஜப்பான்காரன் வந்து வழி அடைபட்டு, அவன் போன பிறகும் போகவில்லை.

"ஊர்ல வீட்டுக்காரவுக இருக்காகளா நானா?"

"இருக்குது. கதீஜா. நான் வரும்போது மூத்தது நடக்க ஆரம்பிச்சிருந்துச்சு. இப்ப மீசை மொளைச்சிருக்கும். பதிமூணு வருசம் தங்கச்சி. இந்த வருசம் வர்றேன், இந்த வருசம் வர்றேன்னு கடுதாசி போட்டுப் போட்டு, இப்பக் கடுதாசி போடவும் கூச்சமா இருக்கு."

"அவுக என்ன எழுதுறாக?"

"என்னத்தை எழுதும். நல்லா இருக்கோம், நீங்க நலமான்னு எழுதும். பள்ளிவாசல் மோதினார் மகன்தான் எழுதிக் கொடுக்கிறான். அவன்கிட்ட மனசுல உள்ளதைச் சொல்ல முடியுமா?"

சொல்லிவிட்டு அவர் கம்பைத் தூக்கிக்கொண்டு இறங்கிப் போனார். கடலுக்கு அந்தப் பக்கம் ஒருத்தி பதிமூணு வருஷமாக உட்கார்ந்திருப்பதை நினைத்துக்கொண்டே புஷ்பவள்ளி அன்று பஸ் ஏறினாள். மலையடியைக் கடக்கும்போது தகரக் கூரைப் பக்கம் திரும்பாமல் முந்தானையை இழுத்து மூடிக்கொண்டாள்.

இரண்டாம் வியாழன் மழை. கலங்கரை விளக்கின் சுவரோரம் ஒட்டி நின்று முழங்கால்வரை நனைந்ததுதான் மிச்சம். வீட்டுக்குப் போனால் அடுப்பு மூட்ட மனசில்லை. ஒரு ஆளுக்கு ஆக்குவது பெரிய தண்டனை. அரை மங்கு அரிசி போட்டாலும் மிஞ்சியது. மிஞ்சியதைக் காலையில் கஞ்சியாகக் குடித்துவிட்டுப் பெரட்டுக்குப் போனால், அவளுக்கு முன்னும் பின்னும் இரண்டு ஆள் இடம் விட்டுத்தான் நிற்பார்கள். போலீஸ் பார்வை பட்ட வீடு. யாரைக் குற்றம் சொல்ல?

மூணாம் வியாழன்தான் கங்கா வந்தாள். பெரிய சக்கரம் வைத்த தள்ளுவண்டியில் வெள்ளைக்காரக் குழந்தை. கங்கா நாற்பது வயசுக்காரி. வெள்ளைச் சேலை, வெள்ளை ரவிக்கை, காலில் செருப்பு. ஆற்றுத் தண்ணீர் இலாகாத் துரை வீட்டில் ஆயா. பெஞ்சில் வந்து உட்கார்ந்ததும், பத்து வருஷம் பழகியவள் மாதிரி ஆரம்பித்துவிட்டாள்.

"எத்தனை மாசம்?"

புஷ்பவள்ளி திடுக்கிட்டாள். வயிறு அவ்வளவாகத் தெரியவில்லை.

"எனக்கு எப்படித் தெரியும்னு பாக்குறியா? நீ அந்தக் குரங்குக் குட்டியவே பாத்துக்கிட்டு இருக்கே. வயித்துல சுமக்கறவ பார்வையே தனி."

உண்மைதான். பெரிய குரங்குகள் எல்லாம் சாம்பல் நிறம். குட்டி மட்டும் பழுத்த பாக்கு மாதிரி பளீரென்று இருக்கும். ஒரு பெண் குரங்கு கொஞ்ச நேரம் வைத்திருந்து இன்னொன்றிடம் கொடுக்கும், அது மூணாவதிடம் கொடுக்கும். யார் பெற்றது என்று தெரியாது.

"நாலாவது நடக்குது அக்கா."

"ஊட்டுக்காரன் என்ன வேலை?"

அந்தக் கேள்விக்குத்தான் புஷ்பவள்ளியின் வாய்க்கட்டு அவிழ்ந்தது. மூணு வாரமாக ஊமை கண்ட கனவாக உள்ளேயே கிடந்ததை, பேர்கூடத் தெரியாத ஒருத்தியிடம், தள்ளுவண்டியின் சக்கரத்தைப் பார்த்துக்கொண்டே சொன்னாள். வேண்டுதல், வாளி, இலை, பெரட்டுக் களம், "நான்தான்" என்று அவன் சொன்னது, எல்லாம் சொன்னாள்.

கங்கா வண்டியை ஆட்டுவதை நிறுத்தினாள்.

"அவனுக்குத் தெரியுமா, நீதான் வச்சேன்னு?"

"தெரியாம இருக்குமா? விடியக்காலையில கருவாடு வறுத்தது லயமே மணந்துச்சு. என்னா இந்நேரத்துலன்னு ஒரு வார்த்தை கேக்கல. கஞ்சியக் குடிச்சுட்டுப் பால் வெட்டுற உளியத் தீட்டிக்கிட்டு இருந்தாரு."

"அப்ப உனக்காகத்தான் போயிருக்கான்."

"அதான் அக்கா. அதான் என்னால தாங்க முடியல."

கங்கா சுற்றுமுற்றும் பார்த்தாள். பிறகு குரலைத் தாழ்த்தி, "போலீஸ் துரை எங்க துரைக்குச் சினேகிதர்தான். மத்தியானம் சாப்பிட்டுட்டு ரெண்டு மணிக்கு ஆபீசுக்கு வருவாரு. நேரா அவர்கிட்டப் போக முடியாது. முன்னால நாராயணசாமி கிராணின்னு ஒருத்தரு உக்காந்திருப்பாரு. நீ தமிழ்ல சொன்னா அவருதான் இங்கிலீஷ்ல சொல்லுவாரு. நல்ல மனுசன்னுதான் சொல்லுறாங்க" என்றாள். எழுந்தாள். வண்டியைத் திருப்பினாள். "நான் சொன்னேன்னு எங்கயும் சொல்லிறாதே தங்கச்சி. ஆயா வேலைதான் எனக்குச் சோறு."

நாலாம் வியாழன் கங்கா வந்தாள். ஆனால் அந்தப் பெஞ்சுக்கு வரவில்லை. பீரங்கிக்கு அந்தப் பக்கம், முதுகைக் காட்டிக்கொண்டு உட்கார்ந்தாள். குழந்தை சிணுங்கியபோது எழுந்து வண்டியைத் தள்ளிக்கொண்டு புஷ்பவள்ளியைத் தாண்டித்தான் போக வேண்டியிருந்தது. வெயில் கண்ணில் படுகிற மாதிரி கையை நெற்றிக்கு மேல் வைத்து முகத்தை மறைத்துக்கொண்டு போனாள். புஷ்பவள்ளிக்குக் கோபம் வரவில்லை. தன்னிடம் பேசியதால் ஒருத்தி இப்படிப் பயந்து நடக்க வேண்டியிருக்கிறதே என்று வெட்கமாக இருந்தது. அன்று இரண்டு மணி அடித்தது, மூணு அடித்தது. எழுந்திருக்க நினைத்தாள். உள்ளே போட்டுவிட்டால் வயிற்றில் இருப்பது என்ன ஆகும் என்று நினைத்தாள். நாலு மணி பஸ்ஸைப் பிடித்தாள்.

ஐந்தாம் வியாழன் காலையில் வயிற்றுக்குள் ஏதோ புரண்டது. பஸ்ஸில் வரும்போது மறுபடி புரண்டது. இரண்டு தடவை தங்கியதில் இது அவள் காணாதது. இதுவரை அவனிடம் சொல்லாமல் மறைத்ததை இனி மறைக்கக் கூடாது, அவனே இல்லாமல் இதை யாரிடம் சொல்லி என்ன என்று தோன்றியது. ஆஸ்பத்திரிக்குப் போகவில்லை. மலையும் ஏறவில்லை. அடிவாரத்தில் வலதுபக்கம் திரும்பி, மணல்மூட்டைக்குப் பின்னால் துப்பாக்கியோடு நின்றவனிடம் கார்டைக் காட்டி உள்ளே போனாள். இரண்டு மணிவரை சுவரோரம் நின்றாள்.

நாராயணசாமி கிராணி மூக்குக் கண்ணாடிக்கு மேலாகப் பார்த்தார். உள்ளறைக் கதவு பாதி திறந்திருந்தது. மின்விசிறிக்கு அடியில் துரையின் செம்பட்டைத் தலை தெரிந்தது.

"என்னம்மா?"

"பள்ளத்தோட்டத்துச் செல்லன் விசயமாங்க ஐயா. அந்தப் படையலை வச்சது அவரு இல்லீங்க. நான்தானுங்க. முனிக்கு வேண்டிக்கிட்டுப் போட்டதுங்க. காட்டுக்காரங்களுக்கு இல்லீங்க. அவரை விட்டுறச் சொல்லுங்க. என்னை வச்சுக்கச் சொல்லுங்க."

ஐந்து வாரமாக மனசுக்குள் சொல்லிச் சொல்லிப் பழகியது. நின்ற இடத்தில் மூச்சு விடாமல் சொல்லி முடித்துவிட்டாள்.

கிராணி உள்ளறைப் பக்கம் ஒரு பார்வை பார்த்தார். பேனாவை மூடினார்.

"இதை இன்னொரு வாட்டி இங்க சொல்லாதே. மெதுவாப் பேசு. செல்லன் இங்க இல்லை. செவ்வாக்கிழமை கிள்ளானுக்குக் கொண்டு போயிட்டாங்க. நாளன்னிக்குக் கப்பல். நாடு கடத்தச் சொல்லி உத்தரவு வந்து, அவனும் கையெழுத்துப் போட்டுட்டான்."

அவளுக்கு உடனே விளங்கவில்லை.

"எந்த ஊருக்குங்க?"

"எந்த ஊருன்னா? அவன் ஊருக்குத்தான். பெரம்பலூர்ப் பக்கம். நாலு வாரத்துக்கு மேல இங்கதானேம்மா இருந்தான், பின்னால ரூம்பில? ஒருத்தர்கூட வந்து எட்டிப் பாக்கலியே. யாரும் வரலியான்னு அவனும் ரெண்டு மூணு வாட்டி கேட்டான்."

கூரையைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்த நாலு வியாழன். கூப்பிட்டால் கேட்கிற தூரம்.

"இனிமே யாரு வச்சான்னு சொல்லி ஒண்ணும் ஆகப் போறதில்லை. உத்தரவு திரும்பாது. நீ சொன்னா நீயும் மாட்டுவே, அவ்வளவுதான். நீ அவனுக்கு என்ன வேணும்?"

"பொண்டாட்டிங்க."

அவர் கட்டிலிருந்து ஒரு தாளை உருவிப் படித்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"இதுல பொண்டாட்டி பேரு வேலம்மான்னு இருக்கு. ஊர்ல இருக்கறதா. இங்க யாரும் இல்லைன்னு சொல்லியிருக்கான். நான்தான் கேட்டு எழுதுனேன்."

"வேலம்மாவா?"

"ஆமாம்மா. கல்யாணப் பத்திரம் கித்திரம் ஏதாவது வச்சிருக்கியா?"

பத்திரமா? தோட்டத்துக் காளி கோயிலில், வீரன் மண்டோர் தாலியை எடுத்துக் கொடுக்க, சேவலடித்துச் சோறு போட்ட கல்யாணம். தோட்டத்தில் யாருக்குத்தான் பத்திரம் இருந்தது. கழுத்தில் கிடந்த மஞ்சள் கயிற்றைத் தொட்டாள். அதை மேசைமேல் வைத்துக் காட்ட முடியாது.

உள்ளேயிருந்து துரை ஏதோ கேட்டான். கிராணி எழுந்து பதில் சொல்லாமல், அவளைப் பார்த்துத் தமிழில் வேகமாகச் சொன்னார்:

"இவ யாரு, என்ன வேணும்னு கேக்குறாரு. பொண்டாட்டின்னு நான் சொன்னா விசாரணைக்குள்ள வருவே. படையலுக்காக உள்ளே தள்ளுவாங்க, இல்லேன்னா குடும்பம்னு உன்னையும் கப்பல்ல ஏத்துவாங்க. யோசிச்சுச் சொல்லு. நான் என்னன்னு சொல்லட்டும்?"

யோசிக்க எவ்வளவு நேரம் கொடுப்பான் துரை? புஷ்பவள்ளி அந்த நேரத்துக்குள் யோசித்தாள். அவன் ஊரைப் பற்றி அதிகம் பேசியவன் இல்லை. ஆத்தாள் செத்த கடுதாசி வந்தபோது ஒரு நாள் வேலைக்குப் போகாமல் படுத்திருந்தான். வேறு கடுதாசி வந்ததை அவள் பார்த்ததில்லை. வராததாலா, அவள் கண்ணில் படாமல் கிழித்ததாலா? பெரட்டுக் களத்தில் அவளைக் காப்பாற்ற ஒரு பொய் சொன்னவன், இங்கேயும் அவளைக் காப்பாற்றவே வேலம்மா என்று ஒருத்தியை உண்டாக்கிச் சொல்லியிருக்கலாம். அப்படியானால் பொண்டாட்டி என்று சொல்லி அவன் செய்ததைக் கெடுக்கக் கூடாது. இல்லை, வேலம்மா என்று ஒருத்தி பெரம்பலூர்ப் பக்கம் மெய்யாகவே இருக்கலாம். அப்படியானால் தான் சொல்வதற்கு ஒன்றுமே இல்லை. எந்தப் பக்கம் போனாலும் வழி ஒரே இடத்தில்தான் வந்து முடிந்தது.

"ஒரே லயம்னு சொல்லுங்க" என்றாள்.

கிராணி உள்ளே திரும்பி இங்கிலீஷில் சொன்னார். துரை தலையை நிமிர்த்தாமல் ஒரு வார்த்தை சொன்னான்.

"அவன் பை ஒண்ணு இங்க கெடக்கு. கொண்டு போக விடல. ஒரே லயம்னா நீ எடுத்துக்கிட்டுப் போலாங்கறாரு. இங்க கைநாட்டு வை." அவர் மைப்பெட்டியைத் தள்ளினார். தாளில் ஒரு கட்டத்தைக் காட்டினார். "உறவு இல்லைன்னு போட்டிருக்கேன். பரவாயில்லையா?"

அவள் பெருவிரலை அழுத்தினாள்.

நாலு மணி பஸ்ஸுக்கு இன்னும் ஒரு மணி நேரத்துக்கு மேல் இருந்தது. போக வேறு இடம் இல்லை. மலை ஏறினாள். பெஞ்சில் உட்கார்ந்து பையைப் பிரித்தாள். காக்கிக் கால்சட்டை ஒன்று, கழுத்துப் பட்டை கிழிந்து அவளே தைத்துக் கொடுத்த சட்டை, பல்லுடைந்த சீப்பு. சட்டையில் பால் நாற்றமும் வேர்வை நாற்றமும் அப்படியே இருந்தது. பையைத் தலைகீழாக உதறிப் பார்த்தாள். ஒரு துண்டுக் காகிதம்கூட இல்லை. இருந்தாலும் அவளுக்குப் படிக்கத் தெரியாது. வயிற்றுக்குள் மறுபடி புரண்டது. சட்டையை மடித்தாள். பிரித்தாள். மறுபடி மடித்தாள்.

பாவா காலித் தட்டோடு இறங்கப் போனவர் அவளைப் பார்த்து நின்றார்.

"என்ன தங்கச்சி, ஆம்பளைச் சட்டையா இருக்கு. யாருது?"

"தெரிஞ்சவுகளுது நானா. ஒரே லயம்."

இரண்டாவது தடவை சொல்லும்போது நாக்கு கொஞ்சமும் தடுக்கவில்லை. ஐந்து வாரமாக வராத அழுகை அவளுக்கு அப்போதுதான் வந்தது.